கோஸ்டர் வீட்டு உருண்டை மிதக்காது

அன்று அங்கே யார் யார் இருந்தார்கள் என்பதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. பிறகு ஆளுக்கொரு விதமாகப் பேச இடம் இருக்காது. கொட்டகையில், அடுப்புக்கு முன்னால் நின்றவர் ஹார்மன் கோஸ்டர். அவருக்குப் பின்னால் முக்காலியில் உட்கார்ந்து கம்பளிக் கையுறை பின்னிக்கொண்டிருந்தவள் அவர் மனைவி டில்லா. முற்றத்துக்கு எதிர்ப்பக்கம், சமையலறை ஜன்னலுக்கு உள்ளே, வலது மணிக்கட்டில் மாவுக்கட்டோடு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தவர் ஹார்மனின் அக்கா டீவர். நடுவில் ஒரு தடவை வந்துபோனவன் எதிர்வீட்டு சாண்டர். வேலிக்கு அப்பால் பக்கத்து வீட்டு வீபேயின் வெள்ளாடுகள் நான்கு. வீபே அங்கே இல்லை. வீட்டுக்குள் மதியத் தூக்கத்தில் இருந்தார்.

இவ்வளவு பேர் இருக்கும்போதுதான் வாளியின் அடிப்பாகம் உருகிப்போயிற்று.

"என்னமோ கருகுற நாத்தம் வருது," என்றாள் டில்லா.

"ரை மாவு பொங்கும்போது அப்படித்தான் வரும்," என்றார் ஹார்மன், திரும்பிப் பார்க்காமல்.

"இது பிளாஸ்டிக் நாத்தம், ஹார்மன்."

அவர் திரும்பினார். மாவு சீக்கிரம் பொங்கட்டும் என்று கணப்பின் மேல் தூக்கி வைத்த நீல வாளி ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது. பதறிப்போய்க் கைப்பிடியைப் பிடித்துத் தூக்கினார். வாளி வந்தது. அடிப்பாகம் வரவில்லை. கறுத்த மாவு முழுவதும், அவசரமே இல்லாமல், கணப்பிலிருந்து வழிந்து தரைக்கு இறங்கியது.

எதிரே ஜன்னல் திறந்தது.

"டேய் ஹார்மன்! மாவு எப்படி இருக்கு?"

ஹார்மன் தரையைப் பார்த்தார். "நல்லா பரவி வருது அக்கா!"

"பரவுதா? எழும்பணும்டா!"

"எழும்பும், எழும்பும்! ஜன்னலை மூடு, குளிர் காத்து பட்டா கை வலிக்கும்!"

வருடத்தின் கடைசி நாளில் எண்ணெய்ச் சட்டி ஏறாத வீடு அந்த ஊரில் இல்லை. ஓலிபொல் என்னும் எண்ணெய் உருண்டை இல்லாமல் யாரும் புது வருடத்துக்குள் கால் வைக்க மாட்டார்கள். ஆனால் கால்வாயோரத் தெருவில் மட்டும் எல்லா வீட்டுக்கும் தட்டு போவது கோஸ்டர் வீட்டிலிருந்து. அது இன்று நேற்று வந்த வழக்கம் இல்லை. உலகப் போரின் கடைசிக் குளிர்காலத்தில், பூனைகள்கூட ஒவ்வொன்றாகக் காணாமல் போன அந்த டிசம்பரில், ஹார்மனின் அப்பா யூரியன் கோஸ்டர் எங்கேயோ போய் ஒரு மூட்டை ரை என்னும் கறுப்புத் தானிய மாவும் ஒரு புட்டி எண்ணெயும் கொண்டுவந்தார். உள்ளே போடப் பழம் கிடையாது. சர்க்கரை ஆலைக்குப் போகிற பீட் கிழங்கைத் துண்டு துண்டாக நறுக்கி, கணப்பில் காயவைத்து, திராட்சைக்குப் பதிலாக அதைப் போட்டு, வெறும் தண்ணீரில் மாவு பிசைந்து உருண்டை சுட்டார். வீட்டுக்கு ஒரு தட்டு. தட்டு சுமந்தவள் டீவர். அப்போது அவளுக்கு ஆறு வயது. வாங்கிய கைகள் நடுங்கியதை இன்றைக்கும் சொல்வார்.

பிறகு போர் முடிந்தது. கோதுமை வந்தது, சர்க்கரை வந்தது, திராட்சை வந்தது. கோஸ்டர் வீட்டு உருண்டைக்குள் மட்டும் எதுவும் வரவில்லை. அதே ரை மாவு, அதே பீட், அதே தண்ணீர். அப்பா செய்ததை மாற்ற நாம் யார் என்பது டீவரின் வாதம். அப்பா கண்மூடியதிலிருந்து அவர்தான் சட்டி முன்னால் நின்றார். ஹார்மன் தூக்குப்பாலத்துக் காவலராக இருந்தவர். பெரிய பெரிய படகுகளை எல்லாம் கையைக் காட்டி நிறுத்தி வைத்தவர். அவர் வேலை தட்டு கொண்டுபோவது.

தெருவும் மரியாதை குறையாமல் நடந்துகொண்டது. கதவைத் திறந்ததும் ஆண்கள் தொப்பியை எடுப்பார்கள். இரண்டு கையாலும் தட்டை வாங்கி, "உங்க அப்பாவை நெனச்சுக்கறோம், ஹார்மன்," என்பார்கள். யாரும் அவர் கண் எதிரில் ஒன்றை எடுத்து வாயில் போட்டதில்லை. இப்படிப்பட்ட ஒரு பண்டத்தை வாசலில் நின்று மென்றுகொண்டிருக்க யாருக்கு மனம் வரும்? தட்டு கழுவித் திரும்பி வர ஜனவரி பாதி ஆகிவிடும். அவ்வளவு நாள் வைத்து வைத்துச் சாப்பிடுகிறார்கள் என்பதில் அவருக்கு ஒரு நிறைவு. கோஸ்டர்களே அதைக் காப்பியில் ஊறவைத்துத்தான் கடிப்பார்கள்.

ஆடுகளுக்குக்கூடக் குடும்பம் தெரிந்திருந்தது. ஹார்மன் வேலியோரம் நடந்தால் வீபேயின் ஆடுகள் நான்கும் எங்கிருந்தாலும் ஓடி வந்து வரிசையாக நின்று தலையை ஆட்டும். வேறு யாருக்கும் அப்படி நிற்காது. ஹார்மனும் பதிலுக்குத் தொப்பியைத் தொடுவார்.

இப்படி இருக்கும்போதுதான் டீவர் தேவாலயப் படியில் வழுக்கி மணிக்கட்டை முறித்துக்கொண்டார். செய்தி கேட்ட அன்றே எதிர்வீட்டு சாண்டர் வந்து நின்றான். போன வருடம்தான் குடிவந்தவன்.

"கோஸ்டர் ஐயா, இந்த வருஷம் நீங்க சிரமப்படாதீங்க. கரண்ட்ல ஓடற வறுவல் சட்டி ஒண்ணு வாங்கியிருக்கேன். தெருவுக்கே நான் போட்டுடறேன். தயவு செஞ்சு சிரமப்படாதீங்க."

தயவு செய்து என்பதை அவன் இரண்டு தடவை சொன்னான். ஹார்மன் ஒரு தடவைதான் கதவைச் சாத்தினார்.

"பார்த்தியா?" என்றார் டீவர். "இந்த வருஷம் நம்ம தட்டு போகலைன்னா அடுத்த வருஷம் அவன் தட்டு வரும். அதுக்கு அடுத்த வருஷம் யூரியன் கோஸ்டர்னா யாருன்னு கேப்பாங்க. நீ போட்டுடு. இருட்டறதுக்குள்ள தட்டு போயாகணும். கஷ்டமே இல்ல, நான் ஜன்னல்லேர்ந்து சொல்றேன்."

அந்த மாவுதான் இப்போது தரையில் கிடந்தது.

"இன்னும் ரை மாவு இருக்கா?" என்று ஹார்மன் குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"இருந்தது மொத்தமும் உன் செருப்புல இருக்கு," என்றாள் டில்லா. "என் கேக் மாவு இருக்கு. வேணும்னா எடுத்துக்கோ."

"கோதுமையா?"

"கோதுமைதான்."

ஹார்மன் சமையலறை ஜன்னலை எட்டிப் பார்த்தார். டில்லா தெற்கே லிம்பர்க்கிலிருந்து வந்தவள். கல்யாணமாகி வந்த முதல் வருடமே டீவர் அவளிடம் தெளிவாகச் சொல்லிவிட்டார்: "உங்க பக்கத்து ஆளுங்க எதைக் கண்டாலும் அதுக்குள்ள பழத்தை வெச்சுடுவீங்க. நீ சட்டிப் பக்கம் வராதம்மா." அன்றிலிருந்து வருடக் கடைசி நாளில் அவள் கொட்டகையில் முக்காலி போட்டுக் கையுறை பின்னுவாள். ஒரு வார்த்தை பேசியதில்லை. தெருவில் பலருடைய கையில் இருப்பது அவள் பின்னிய கையுறைதான்.

"வெள்ளையா இருக்குமே, டில்லா."

"வேகற வரைக்கும்தான் வெள்ளை. ஜன்னல்லேர்ந்து பார்த்தா அக்காவுக்கு என்ன தெரியப் போகுது? போன மாசம் என்னைப் பார்த்து பாதிரியார்னு நெனச்சு வணக்கம் சொன்னா."

மாவு வந்தது. ஈஸ்ட் போட்டாயிற்று. ஹார்மன் தண்ணீர்ச் செம்பை எடுத்தார்.

"தண்ணி ஊத்தினா சாயங்காலம்தான் எழும்பும்," என்றாள் டில்லா, ஊசியிலிருந்து கண் எடுக்காமல். "நாலரைக்கு இருட்டிடும்."

"வேற என்ன பண்றது?"

"பீர் ஊத்தினா சீக்கிரம் பொங்கும்."

"எங்க அப்பா பீர் ஊத்தினாரா?"

"உங்க அப்பாகிட்ட பீர் இருந்ததா?"

டில்லா பெஞ்சுக்கு அடியிலிருந்து இரண்டு புட்டி எடுத்து நீட்டினாள். புட்டி எப்படி அங்கே வந்தது என்று கேட்க அவருக்குத் தோன்றவில்லை. ஊற்றினார். ஊற்றிவிட்டு மரக்கரண்டியைத் தேடித் திரும்பிய நேரத்தில் பாத்திரத்துக்குள் டக், டக் என்று இரண்டு சத்தம்.

"என்ன அது?"

"முட்டை."

"முட்டை எதுக்கு?"

"பீரைத் தனியா விட்டா மாவு நிக்காது."

அப்படி ஒன்றை அவர் கேள்விப்பட்டதே இல்லை. ஆனால் மாவு நிற்காமல் போவதை இன்று ஒரு தடவை பார்த்துவிட்டவர் என்பதால் மறுக்கத் துணியவில்லை.

மாவு பொங்கியது. பொங்கியது என்றால் கோஸ்டர் வீட்டுக் கொட்டகை அதுவரை பார்த்திராத பொங்கல். துணியைத் தூக்கிக்கொண்டு எழுந்து பாத்திரத்தின் விளிம்பைத் தாண்டியது. ஹார்மன் தட்டு போட்டு மூடினார். தட்டையும் தூக்கிற்று. இரண்டு கையாலும் அழுத்தினார். விரல் இடுக்கெல்லாம் வழிந்து வந்தது. மாவோடு அவர் மல்லுக்கு நின்ற அந்த நேரத்தில் பின்னால் கடக், கடக், கடக் என்று யாரோ கூழாங்கல் மெல்லுகிற சத்தம் கேட்டது.

வேலியில் எங்கேயோ ஒரு பலகை விட்டிருக்க வேண்டும். தாடி வைத்த பெரிய ஆடு கொட்டகைக்குள் நின்றது. அதன் தலை பீட் துண்டு டப்பாவுக்குள் இருந்தது.

"ஏய்! ச்சூ! டில்லா, பிடி அதை!"

"எதைப் பிடிக்கறது? தீந்துடுச்சு," என்றாள் டில்லா.

ஆடு தலையை வெளியே எடுத்தது. ஹார்மனை ஏறிட்டுப் பார்த்தது. அந்தப் பார்வையில் அப்படி ஒரு வாஞ்சை. அதைத் தள்ளி வெளியே விட்டுக் கதவைச் சாத்தினார். வருடம் முழுவதும் டீவர் நறுக்கி, காயவைத்து, டப்பாவில் சேர்த்த பீட். இனிமேல் கிடைக்காது.

"ஹார்மன்! பீட் போட்டுட்டியா?" என்றது ஜன்னல்.

"உள்ள போயிடுச்சு அக்கா!"

அது பொய் இல்லை.

"பழம் இல்லாம எப்படி?" என்று அவர் முணுமுணுத்தார். "உள்ள ஏதாவது இருக்கணுமே."

"ஆப்பிள் இருக்கு. பிராந்தில ஊறின திராட்சை ஒரு ஜாடி இருக்கு. என் தம்பிக்குன்னு போட்டு வெச்சது."

"நிஜப் பழமா? கோஸ்டர் வீட்டு உருண்டைல நிஜப் பழமா?"

"கல்லுதான் போடணும்னா முற்றத்துல கெடக்கு. பொறுக்கிட்டு வரட்டுமா?"

ஆப்பிள் நறுக்கப்பட்டது. திராட்சை போட்டதும் பிராந்தி சேர்ந்து மாவு தளர்ந்தது. தளர்ந்த மாவை இறுக்க இன்னும் மாவு. அந்த மாவுக்கு இன்னும் ஒரு பீர். இரண்டும் சேர்ந்து மறுபடியும் பொங்க, ஒரு பாத்திரம் இரண்டு பாத்திரமாயிற்று. டில்லா நடுவில் பட்டைப் பொடியும் தூவினாள். ஹார்மன் அதைப் பார்த்தார். இனிமேல் கேட்டு என்ன ஆகப் போகிறது என்று விட்டுவிட்டார்.

எண்ணெய் காய்ந்தது. இரண்டு கரண்டியால் உருட்டி முதல் உருண்டையை விட்டார். அடுத்த நொடி ஓர் அடி பின்னால் தாவினார்.

"டில்லா! மிதக்குது!"

"மிதக்கணும்."

"கோஸ்டர் வீட்டு உருண்டை மிதக்காது! அடியில போய் உக்காரும். அக்கா ஜல்லிக்கரண்டி விட்டுத் துழாவி எடுப்பா."

கரண்டியால் அதை அமுக்கினார். உள்ளே போயிற்று. விட்டதும் மேலே வந்தது. அதுமட்டும் இல்லை, ஒரு பக்கம் சிவந்ததும் தானாகவே ஒரு புரளல் புரண்டு மறுபக்கத்தைக் காட்டிக்கொண்டு படுத்தது.

"தானா திரும்பிப் படுக்குது!" என்றார் ஹார்மன் திகிலோடு.

"நல்லா பொறந்ததுங்க அப்படித்தான்," என்றாள் டில்லா. கையுறையைக் கீழே வைத்துவிட்டு எழுந்து வந்து சட்டி பக்கத்தில் நின்றாள். கல்யாணமானதிலிருந்து அவள் நின்றிராத இடம் அது. ஹார்மன் கொஞ்சம் தள்ளி நின்றுகொண்டார்.

அதற்குள் வாசனை முற்றத்தைத் தாண்டிவிட்டது. ஆப்பிளும் பட்டையும் சூடான பிராந்தியும் சேர்ந்த வாசனை. ஜன்னல் படாரென்று திறந்தது.

"என்னடா வாசனை அது?"

"வாசனையா? ஒண்ணும் வரலையே அக்கா!"

"நம்ம உருண்டைக்கு வாசனையே கெடையாதேடா!"

"அது... சாண்டர் வீட்லேர்ந்து வருது!"

சொன்னதும் நாக்கைக் கடித்துக்கொண்டார். காரணம், டீவரிடம் இடது கை நன்றாக இருந்தது, இடது கைக்குப் பக்கத்தில் போன் இருந்தது. சிறிது நேரத்தில் முற்றத்துக் கதவைத் தள்ளிக்கொண்டு சாண்டர் வந்து நின்றான். சட்டையில் ஒரு பொத்தான் போட்டு ஒன்று போடவில்லை.

"ஐயா, டீவரம்மா போன்ல திட்டறாங்க. அடுத்தவன் மரியாதையை வறுத்துத் திங்கறவன்னு சொன்னாங்க. நான் இன்னும் எண்ணெயே ஊத்தல!" என்று ஆரம்பித்தவன் நிறுத்தினான். மூக்கு இரண்டு தடவை ஏறி இறங்கிற்று. "ஐயா... இது இங்கேர்ந்தா வருது?"

ஹார்மன் கதவில் குறுக்கே நின்றார். பாலத்தின் மேல் நின்று படகுகளை மறித்த அதே நிற்பு.

"ஒண்ணே ஒண்ணு எடுத்துக்கட்டுமா ஐயா? சூடா?"

கோஸ்டர் வீட்டு உருண்டையை இதுவரை யாரும் கேட்டு வாங்கியதில்லை. கிண்டல் செய்கிறான். வேறென்ன?

"தட்டு வர்றப்போ வரும். போயிட்டு வா."

சாண்டர் இரண்டு முறை திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான்.

"சிரிச்சுக்கிட்டே போறான் பாரு."

"சிரிக்கல," என்றாள் டில்லா. "எச்சில் முழுங்கறான்."

சுட்டு முடித்தபோது மலைபோல் குவிந்திருந்தது. பொன்னிறம். பஞ்சுபோல உப்பி, ஒன்றுகூடக் கறுப்பு இல்லை. ஹார்மன் அதைப் பார்த்துத் தலையில் கை வைத்துக்கொண்டார். இன்னும் கொஞ்சம் சட்டியில் போட்டுக் கறுக்க வைக்கலாமா என்றார். டில்லா அடுப்பை அணைத்துவிட்டாள்.

"நிறம் வெளிய தெரியாம நான் பார்த்துக்கறேன்," என்று சொல்லி, பொடித்த சர்க்கரையைச் சல்லடையில் போட்டு எல்லாவற்றின் மேலும் ஒரே தட்டாகத் தட்டினாள்.

"சர்க்கரையுமா!"

"வேற எதை வெச்சு மூடறது? போர்வையா போத்த முடியும்?"

கடைசியாக ஒரு கண்டம் இருந்தது. ஒவ்வொரு தட்டும் ஜன்னல் வழியாக டீவரின் கைக்குப் போய்த்தான் தெருவுக்குப் போக வேண்டும். அவர் பார்ப்பதில்லை, கனத்தைத் தூக்கிப் பார்ப்பார். கனம் சரியாக இருந்தால் உருண்டை சரி. அது அவர் கணக்கு.

ஹார்மன் பழைய கணப்பின் இரும்பு மூடியைக் கழற்றித் தட்டில் வைத்து, அதன் மேல் உருண்டைகளை அடுக்கி, துணி போட்டு மூடினார். ஜன்னலில் நீட்டினார். டீவர் இடது கையால் வாங்கி, கண்ணை மூடிக்கொண்டு தூக்கிப் பார்த்தார்.

"சரியா இருக்கு," என்றார். முகத்தில் ஒரு மலர்ச்சி. "அப்பா கை மாதிரியே. துணியை எடு, பாக்கலாம்."

"ஆறிடும் அக்கா."

"நம்ம உருண்டை சூடா இருந்தா என்ன, ஆறினா என்னடா? எடு." அவரே ஒரு முனையைத் தூக்கினார். "இது என்ன வெள்ளையா?"

"பனி."

டீவர் அண்ணாந்து பார்த்தார். வானத்தில் ஒரு மேகம் இல்லை. "எப்பப் பேஞ்சுது?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திராமல், "போ, போ, இருட்டப் போகுது," என்றார். அந்த இரும்பு மூடியே கொட்டகைக்கும் ஜன்னலுக்குமாக நடந்து அத்தனை தட்டுக்கும் கனம் கொடுத்தது.

தெருவில் தட்டு கொடுத்தபோது யார் முகத்தையும் ஹார்மன் பார்க்கவில்லை. முதல் வீட்டுக்காரர் வழக்கமான கனத்துக்குக் கால்களை அகட்டி நின்று வாங்கினார். தட்டு தோள் உயரம் போய் நின்றது. "உங்க அப்பாவை..." என்று ஆரம்பித்தவர் மூக்குக்கு நேராக வந்த வாசனையில் மீதியை மறந்துவிட்டார். ஹார்மன் காத்திருக்கவில்லை. அடுத்த வீடு, அடுத்த வீடு என்று, தட்டை நீட்டியதும் திரும்பி நடந்தார். வீபே மட்டும் கதவில் நின்று அவரையும் தட்டையும் மாறி மாறிப் பார்த்தார்.

வீட்டுக்கு வந்து நாற்காலியில் உட்கார்ந்து தொப்பியைக்கூடக் கழற்றவில்லை. அதற்குள் மணி அடித்தது. வாசலில் ஒரு தட்டு. காலித் தட்டு. கொஞ்ச நேரத்தில் இன்னொன்று. பட்டாசுச் சத்தம் ஆரம்பிப்பதற்குள் எல்லாத் தட்டும் திரும்பி வந்துவிட்டன. ஒரு துணுக்கு இல்லை, ஒரு பொட்டுச் சர்க்கரை இல்லை. சாண்டரின் தட்டு பளபளவென்று இருந்தது. அவன் கதவிடுக்கில் தலையை நீட்டி, "ஐயா, மிச்சம் ஏதாவது இருக்கா?" என்றும் கேட்டான். ஹார்மன் அவனை ஒரு பார்வை பார்த்தார். தலை போய்விட்டது.

"இன்னிக்கே திருப்பி அனுப்பிட்டாங்களா?" டீவரின் குரல் மெலிந்துவிட்டது. "ஜனவரி பாதி வரைக்கும் வெச்சிருப்பாங்களேடா. வாங்கின கையோட திருப்பித் தர்றதுன்னா... என்னடா பண்ணின?"

"தெரியல அக்கா," என்றார் ஹார்மன். எழுபத்து மூன்று வயதில் அப்படிச் சொல்ல வேண்டி வந்ததே என்று இருந்தது.

டில்லா பின்னிக்கொண்டிருந்தாள். உதட்டோரம் சர்க்கரை ஒட்டியிருந்தது.

புத்தாண்டுக் காலை. வருடா வருடம் அந்தக் காலையில் தெருக்காரர்கள் ஆளுக்கொரு மூடிய கூடையோடு வீபே வீட்டுக்குப் போவார்கள். வீபே மனைவியை இழந்தவர், தனியாள். முதல் வாழ்த்து அவருக்குத்தான். அப்பா போட்ட விதை இப்படி முளைத்து நிற்கிறது என்று ஜன்னலோரம் காப்பியோடு உட்கார்ந்து பார்ப்பது ஹார்மனுக்குப் பழக்கம். இன்று ஒரு கதவும் திறக்கவில்லை. ஒரு கூடையும் போகவில்லை. தெருவைக் கட்டி வைத்திருந்த கயிறு என் கையிலேயே அறுந்துவிட்டது என்று அவர் நினைத்தார். வீபேயின் ஆடுகள் வேறு விடிந்ததிலிருந்து கத்திக்கொண்டே இருந்தன.

டீவர் போனை வைத்துவிட்டு வெளிறிப்போய் வந்தார்.

"ஹார்மன், ஊரெல்லாம் பேச்சு. வீபேயோட ஆடுங்க நாலும் நம்ம உருண்டையால விஷமாகிக் கெடக்குதாம். நோவுல துடிக்குதாம்."

ஹார்மன் எழுந்தார். சாவு வீட்டுக்குப் போடும் கறுப்புக் கோட்டைப் போட்டுக்கொண்டார். பாலத்துக் காவலர் தொப்பியைத் தலையில் வைத்து நேராக்கினார்.

"எங்க போற?" என்றாள் டில்லா.

"வீபேகிட்ட. தப்பு நடந்திருந்தா கோஸ்டர் வீட்டு ஆளு வாசலுக்குப் போய்ச் சொல்லுவான். ஒளிஞ்சுக்க மாட்டான்."

"இரு, நானும் வரேன்," என்றாள். அவள் முகத்தில் இருந்தது கவலை மாதிரி இல்லை. ஆனால் ஹார்மன் பார்க்கவில்லை.

டீவரும் மாவுக்கட்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே வந்தார். வேலியருகே அவர்களைக் கண்டதும் ஆடுகள் நான்கும் ஓடி வந்து வரிசையாக நின்று தலையை ஆட்டின. கத்தல் இன்னும் பலமாயிற்று. ஹார்மனால் அவற்றின் கண்ணைப் பார்க்க முடியவில்லை.

வீபே வெளியே வந்தார். சுருக்கமாகப் பேசுகிற மனிதர்; தன் ஆடுகளைப் பற்றி யாராவது ஒரு சொல் சொன்னால் மட்டும் வாய் நீளும். அவர் கம்பளிச் சட்டையின் முன்பக்கம் முழுவதும் வெள்ளைத் தூள்.

"வீபே," என்றார் ஹார்மன், முதுகை நிமிர்த்தி. "ஊர்ல பேசிக்கறது காதுக்கு வந்தது. எங்க உருண்டையால உன் ஆடுங்களுக்கு நோவு வந்திருந்தா, வைத்தியம் எங்க பொறுப்பு. எங்க அப்பா பேருக்கு..."

"நோவா? யாரு சொன்னது?" வீபேயின் முகம் சிவந்துவிட்டது. "எங்க ஆடுங்களுக்கு ஒரு நோவும் இல்ல, ஒரு விஷமும் இல்ல. வருஷா வருஷம் இந்தக் காலையில தெருவே உங்க வீட்டு உருண்டையைக் கூடைல கொண்டாந்து இதுங்களுக்குத்தான் போடும். இந்த வருஷம் ஒருத்தரும் ஒண்ணைக்கூட மிச்சம் வைக்கல, அதான் பசியில கத்துதுங்க."